சம்பந்தி வீட்டுச் சுதந்திர தினம்

1

ஆகஸ்ட் பதினைந்து வந்தால் சாத்தூரிலிருந்து என் கைப்பேசிக்கு மூவர்ணக் கொடிகள் வரத் தொடங்கிவிடும். அங்கே விடியும் நேரத்தில் சிட்னியில் நான் இரண்டாவது காப்பி குடித்து முடித்திருப்பேன். கூடப் படித்தவர்களில் யாராவது ஒருவர் ஆண்டு தவறாமல் கேட்பார்: "பாலா, உங்களுக்கு அங்கே இன்னைக்கு லீவா?"

இல்லை. இங்கே அது குளிர்காலத்தின் கடைசியில் வரும் இன்னொரு நாள். எனக்கும் அப்படித்தான் இருந்தது, 2025 வரை. அந்த ஆண்டு ஆகஸ்ட் பதினைந்து வெள்ளிக்கிழமையில் வந்தது. நான் லீவு போட்டேன். எதற்கு என்று தோழர்கள் குழுவில் இரண்டு வரியில் எழுதப் பார்த்தேன். இரண்டு வரியில் அடங்கவில்லை. இந்தக் குறிப்புகள் அதனால்தான்.

நாங்கள் இருப்பது ஹோம்புஷில், நான்கு மாடிக் குடியிருப்பு ஒன்றின் மூன்றாவது தளத்தில். ஒரு காப்பீட்டுக் கம்பெனியில் மென்பொருள் சோதிப்பது என் வேலை. என் மனைவி செல்வி குழந்தைகள் காப்பகத்தில் வேலை செய்கிறாள். காலையில் நான் ஹோம்புஷில் ரயில் ஏறுவதில்லை. கால் மணி நேரம் நடந்து ஸ்ட்ராத்ஃபீல்டுக்குப் போய்விடுவேன். வேகமான ரயில்கள் அங்கேதான் நிற்கும்.

ஸ்ட்ராத்ஃபீல்ட் கொரியர்கள் நிறைந்த ஊர். கடைப் பலகைகள் எல்லாம் கொரிய எழுத்தில் இருக்கும். எங்கள் மகள் பிருந்தா சின்னவளாக இருந்தபோது ஒருமுறை அந்த நடைமேடையில் "அப்பா!" என்று கத்தினாள். என்னோடு சேர்ந்து நாலைந்து கொரிய ஆண்களும் திரும்பிப் பார்த்தார்கள். கொரிய மொழியிலும் அப்பாவுக்கு அப்பா என்றுதான் பெயர் என்பது அன்றைக்குத்தான் எங்களுக்குத் தெரிந்தது.

அந்தப் பிருந்தாதான் 2024இல் ஒரு ஞாயிற்றுக்கிழமை, இட்லி சாப்பிட்டுக்கொண்டே, ஜுன்ஹோ என்ற கொரியப் பையனைக் கல்யாணம் செய்யப் போவதாகச் சொன்னாள். இருவரும் ஒரே மருத்துவமனையில் பிசியோதெரபிஸ்டுகள். செல்வி கொஞ்சம் அழுதாள், கொஞ்சம் கேள்வி கேட்டாள், பிறகு பையன் சட்னி சாப்பிடுவானா என்று விசாரித்தாள். பையன் எல்லாம் சாப்பிட்டான். சிக்கல் பையனிடம் இல்லை, பையனுடைய அப்பாவிடம் இருந்தது.

மிஸ்டர் பார்க் ஸ்ட்ராத்ஃபீல்ட் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் பேக்கரி வைத்திருந்தார். என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர். இரண்டு குடும்பமும் முதன்முதலாகச் சந்தித்த விருந்தில் ஹோம்புஷ் ஓட்டல் ஒன்றில் எனக்கு எதிரே நிமிர்ந்து உட்கார்ந்து, ஒரு மசால் தோசையை ஒரு சொல்லும் பேசாமல் சாப்பிட்டு முடித்தார். எழுந்து, தலையைத் தாழ்த்தி, போய்விட்டார்.

"அந்த மனுஷன் சிரிக்கவே மாட்டாரா?" என்றாள் செல்வி. "நம்ம பிள்ளையப் பிடிக்கலன்னா வாயத் திறந்து சொல்ல வேண்டியதுதானே."

அதற்குப் பிறகு நான் காலையில் பேக்கரி இருக்கும் பக்கம் நடக்காமல் எதிர்ப் பக்கமாக நடக்க ஆரம்பித்தேன்.

2

அந்த டிசம்பரின் முதல் வாரத்தில் ஒரு புதன்கிழமை. காலை ஆறரை தாண்டியிருக்கும். எதிர்ப் பக்கம் நடந்துகொண்டிருந்த எனக்கு ஏதோ குறைவதாகத் தோன்றியது. ரொட்டி வாசனை இல்லை. பேக்கரியில் விளக்கு எரிந்தது, கதவு திறந்திருந்தது, தட்டுகளோ காலியாக இருந்தன. உள்ளே பத்துப் பேர் கேக் அலமாரியில் சாய்த்து வைத்த ஒரு கைப்பேசியைப் பார்த்தபடி நின்றார்கள். மிஸ்டர் பார்க் வீட்டுச் செருப்போடு நடுவில் நின்றார்.

யாரோ இறந்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன். சம்பந்தி ஆகப் போகிறவர் வீட்டில் துக்கம் என்றால் எட்டிப் பார்க்காமல் போக முடியுமா? சாலையைக் கடந்தேன்.

விஷயத்தைச் சொன்னது அவர் மனைவி. கல்லாவில் இருப்பவர் என்பதால் அவருக்கு ஆங்கிலம் சரளம். "ராத்திரி எங்கள் ஜனாதிபதி ராணுவச் சட்டம் போட்டுவிட்டார். ராணுவம் பார்லிமென்டுக்குள் போய்விட்டது. ஜனங்கள் தெருவுக்கு வந்து மறித்தார்கள். எம்.பி.க்கள் சுவர் ஏறிக் குதித்து உள்ளே போய் ஓட்டெடுத்து அதை ரத்து செய்தார்கள். இப்போதுதான் அறிவிப்பு வந்தது. எல்லாம் வாபஸ்."

மிஸ்டர் பார்க்கைப் பார்த்து, எனக்குத் தெரிந்த ஒன்றைச் சொன்னேன். "இந்தியாவிலும் நடந்தது. 1975. எமர்ஜென்சி. நான் சின்னப் பையன்."

அவர் முதன்முறையாக என்னை நேராகப் பார்த்தார். எங்கள் பேச்சு அன்றும் இன்றும் உடைந்த ஆங்கிலத்தில்தான். அதை இங்கே தமிழாக்கி எழுதுகிறேன்.

"எவ்வளவு காலம்?" என்று கேட்டார்.

"இருபத்தொரு மாதம்."

அவர் தன் கைகளை உயர்த்தி, ஒரு கையில் ஐந்து விரல், மறு கையில் ஒரு விரல் காட்டினார். "எங்களுக்கு ஆறு மணி நேரம்" என்றார். சொல்லிவிட்டுச் சிரித்தார். தோசைக்கு முன்னால் அசையாத முகம் அது. இப்போது கண், காது, கன்னம் எல்லாம் சேர்ந்து சிரித்தது. பின்னால் நின்றவர்களுக்கு அவர் மொழிபெயர்த்துச் சொன்னார். கடையே சிரித்தது.

எமர்ஜென்சி என்றால் எனக்கு ஞாபகம் இருப்பது சாத்தூரில் நான் முடி வெட்டிக்கொண்ட கடை. அந்தக் கடையில் அரசியல்தான் பேச்சு. கத்தரிக்கோல் கூட ஒரு கட்சிக்குச் சாதகமாக வெட்டும் என்று அப்பா சொல்வார். ஒருநாள் போனபோது சுவரில் 'இங்கே அரசியல் பேசாதீர்கள்' என்று புதிதாக எழுதியிருந்தது. யாரும் பேசவில்லை. கத்தரிச் சத்தம் மட்டும் கேட்டது. அன்று எனக்குக் காதுக்குப் பக்கத்தில் வெட்டும்போது பயமாக இருந்தது. இதை நான் அவருக்குச் சொன்னேன். கத்தரிக்கோலை விரலால் காட்டி, வாயைப் பொத்தி, நடித்தே காட்டினேன்.

அவர் என் கழுத்தில் தொங்கிய அலுவலக அட்டையைத் தொட்டார். பிறகு தன் கழுத்தில் இல்லாத ஒன்றைப் பிடித்து இறுக்கிக் காட்டினார். "டை" என்றார். "1987. சியோல். நான் ஒரு கம்பெனியில் குமாஸ்தா. ஜூன் மாதம். ஜனாதிபதியை நாங்களே தேர்ந்தெடுக்க வேண்டும் என்று மாணவர்கள் தெருவில் நின்றார்கள். மதியச் சாப்பாட்டு நேரத்தில் நாங்களும் இறங்கிவிட்டோம். எல்லோரும் டை கட்டியவர்கள். கண்ணீர்ப் புகை. கண்ணுக்குக் கீழே பற்பசை தடவிக்கொள்வோம், எரியாமல் இருக்க. டையில் மூக்கைத் துடைத்துக்கொண்டு மறுபடி ஆபீசுக்குப் போய்க் கணக்கு எழுதுவோம்."

"ஜெயித்தீர்களா?"

"டிசம்பரில் ஓட்டுப் போட்டேன்" என்றார். அவ்வளவுதான் பதில். முதுகைத் திருப்பிக்கொண்டு, மாவுச் சட்டை எடுத்து மாட்டி, அடுப்பைப் பற்ற வைத்தார்.

முதல் ஈடு ரொட்டி வெளியே வந்ததும் கொரிய மொழியில் ஏதோ உத்தரவிட்டார். "இன்று காலை பன் இலவசமாம்" என்றார் அவர் மனைவி. அதே சமயம் சியோலிலிருந்து அந்த அம்மாளின் தங்கை கூப்பிட, பேசிக்கொண்டே பின்னால் போய்விட்டார். கல்லாவில் ஆள் இல்லை. வெளியே ரயிலுக்கு ஓடும் கூட்டம். மிஸ்டர் பார்க் ஒரு தட்டு நிறையச் சிவப்புப் பயறு பன்களை என் கையில் கொடுத்தார்.

அலுவலகத்துக்குத் தாமதமாக வருவதாகச் செய்தி அனுப்பிவிட்டு வாசலில் நின்றேன். கழுத்தில் கம்பெனி அட்டையோடு ஒரு தமிழன், கொரியாவில் மக்களாட்சி பிழைத்ததற்காகச் சிட்னிவாசிகளுக்குப் பன் விநியோகம் செய்தான். "எதற்கு இலவசம்?" என்று கேட்ட ஒரு வெள்ளைக்காரப் பெண்மணிக்கு விளக்கினேன். "வாழ்த்துகள்" என்று என் கையைக் குலுக்கிவிட்டுப் போனார். நான் வாங்கிக்கொண்டேன்.

3

ஆங்கிலத்தில் சம்பந்தி என்ற சொல் இல்லை. பிள்ளைகளின் மாமனார் மாமியாரைக் குறிக்க அவர்கள் ஒரு வாக்கியமே சொல்ல வேண்டியிருக்கும். கொரிய மொழியில் சொல் இருக்கிறது: சாதொன். ஜனவரியில் பொங்கலை ஒட்டி வந்த ஞாயிறன்று பார்க் தம்பதி எங்கள் வீட்டுக்கு வந்தபோது, கதவைத் திறந்த என்னை அவர் அப்படித்தான் அழைத்தார். நான் "வாங்க சம்பந்தி" என்றேன்.

வெண்பொங்கல், வடை, சாம்பார் எல்லாம் முடிந்தது. ஜுன்ஹோ நடுவில் உட்கார்ந்து மொழிபெயர்த்தான். கல்யாணத் தேதி என்று பேச்சு வந்ததும் மிஸ்டர் பார்க் தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"ஆகஸ்ட் பதினைந்து" என்றார். "எங்கள் விடுதலை நாள். 1945இல் ஜப்பான் ஆட்சி முடிந்த நாள். இந்த வருடம் எண்பது ஆண்டு. என் அப்பாவை ஜப்பானியர்கள் நிலக்கரிச் சுரங்கத்துக்குக் கொண்டு போயிருந்தார்கள். அந்த நாள் வந்ததால்தான் அவர் திரும்பினார், கல்யாணம் செய்தார், நான் பிறந்தேன். எங்கள் மொழியில் அதற்குப் பெயர், ஒளி திரும்பிய நாள்."

சுரங்கத்துக்குள் கிடந்த ஒரு மனிதருக்கு அந்தப் பெயர் வெறும் அலங்காரமாக இருந்திருக்காது என்று தோன்றியது. ஆனால் அந்த நிமிடம் எனக்கு அதையும் தாண்டிய பரவசம். "எங்களுக்கும் அதே நாள்தான்!" என்று எழுந்தேவிட்டேன். "இரண்டு வருஷம் தள்ளி, 1947!" நானும் அவரும் கைகுலுக்கினோம், போதாமல் கட்டிக்கொண்டோம்.

குசு குசுவென்றுகூட இல்லை, நன்றாகக் கேட்கும்படிதான் செல்வி சொன்னாள். "அது ஆடி மாசம்."

"ஆடின்னா என்னம்மா?" என்றாள் பிருந்தா. "அந்த ஜெர்மன் காரா?"

ஜுன்ஹோவின் காதில் கார் மட்டும் விழுந்தது. அவன் எப்படி மொழிபெயர்த்தானோ தெரியவில்லை, மிஸ்டர் பார்க் முகம் கவலைப்பட்டது. கொஞ்சம் யோசித்துவிட்டு மிகுந்த மரியாதையோடு சொன்னார்: "அவ்வளவு பெரிய கார் வேண்டாம். எங்களிடம் வண்டி இருக்கிறது."

இதைக் கேட்டு நாங்கள் எல்லோரும் சிரித்தோம். செல்வி சிரிக்கவில்லை.

"இட்ஸ் ஜஸ்ட் எ டேட், அம்மா" என்றாள் பிருந்தா.

அவர்கள் போன பிறகு பாத்திரம் கழுவும்போது செல்வி என்னிடம் பேசினாள். "ஊர்லேர்ந்து யாரும் வரப் போறதில்ல. எங்க அம்மாவும் இல்ல, அப்பாவும் இல்ல. நாதஸ்வரம் கிடையாது, வாழைமரம் கிடையாது. பொண்ணு என்கிட்ட இங்கிலீஷ்லதான் பேசுறா. எல்லாத்தையும் விட்டுக் கொடுத்தாச்சுங்க. ஆடியில கல்யாணம் வேணாம்னு ஒண்ணே ஒண்ணுதான் கேக்குறேன். அவரு நாட்டுக்குச் சுதந்திரம் கெடச்சா நான் என்ன செய்ய?"

மறுவாரம் பிருந்தா, யாருக்கும் சொல்லாமல் ரிஜிஸ்டர் பண்ணிக்கொள்கிறோம் என்று கோபமாகச் செய்தி அனுப்பினாள். தேதிப் பேச்சை அதோடு எல்லோரும் நிறுத்திவிட்டோம்.

4

எங்களுக்குக் கீழ்த்தளத்தில் யோகன் இருக்கிறார். யாழ்ப்பாணத்துக்காரர், என் வயதுக்காரர், உயர்நிலைப் பள்ளியில் கணக்கு ஆசிரியர். ஒருநாள் குப்பைத் தொட்டிகளைத் தெருவுக்கு இழுத்துக்கொண்டு போகும்போது என் பெருமையை அவரிடம் அளந்தேன். எங்களுக்கும் சம்பந்திக்கும் ஒரே சுதந்திர தினம். பாகிஸ்தானுக்கு முந்தின நாள், இந்தோனேசியாவுக்கு அடுத்த இரண்டாம் நாள். ஆசியாவே ஆகஸ்டில்தான் விடுதலை அடைந்திருக்கிறது என்று சொல்லிவிட்டு, யோசிக்காமல் கேட்டேன்: "உங்களுக்குப் பிப்ரவரி நாலு இல்லையா?"

யோகன் தொட்டியை நிறுத்தினார். "ஓம், கலண்டரில அப்பிடித்தான் கிடக்கு" என்றார். "ஆனா எங்கட வீட்டில அண்டைக்கு ஒரு நாளும் பாயாசம் காய்ச்சினதில்லை. நான் சின்னனில ஒருக்கால் கேட்டனான், ஏன் எண்டு. எங்கட அப்பா பேப்பரை மடிச்சு வைச்சிட்டு எழும்பிப் போட்டார்."

எனக்கு முகம் சுண்டிவிட்டது. அவரே என் தோளில் தட்டினார். "நான் சிட்னி ஏர்போட்டில இறங்கின நாள்தான் என்ர சுதந்திர தினம். மேயில வரும். வாங்கோ, றோல்ஸ் சுட்டுத் தாறன்."

இந்த நாட்டுக்கும் அப்படி ஒரு நாள் உண்டு. ஜனவரி இருபத்தாறு. ஊரில் குடியரசு தினம், இங்கே ஆஸ்திரேலியா தினம். பல ஆண்டுகளுக்கு முன்னால் அந்த நாளில்தான் நாங்கள் குடியுரிமை வாங்கினோம். இந்தியா குடியரசான நாளிலேயே இந்தியக் கடவுச்சீட்டை விட்டுக் கொடுத்தோம் என்று நண்பர்களிடம் வேடிக்கையாகச் சொல்வேன். பிறகு அலுவலகத்தில் பழங்குடியைச் சேர்ந்த ஒரு தோழி, அன்றைக்கு அவர்கள் வீட்டில் துக்கம் என்றாள். தன் மண் பறிபோன நாளில் பட்டாசு வெடிக்கிறார்கள் என்றாள். அதிலிருந்து ஜனவரி இருபத்தாறுக்கு எனக்குக் கொஞ்சம் அடக்கம் வந்துவிடும். ஆகஸ்டுக்கும் அது வேண்டும் என்பதை யோகனிடம் கற்றுக்கொண்டேன்.

5

மே மாதத்தில் இரண்டு தேர்தல் வந்தது.

முதலில் ஆஸ்திரேலியத் தேர்தல். இங்கே ஓட்டுப் போடாவிட்டால் அபராதம். ஆனால் போட வருபவர்களுக்குப் பள்ளிக்கூட வாசலில் ரொட்டியில் சுருட்டிய சாசேஜ் விற்பார்கள், வெங்காயத்தோடு. வாக்குச்சீட்டில் எண் போடப் பென்சில்தான் தருவார்கள். முதல்முறை அதைக் கண்டு நான் திடுக்கிட்டிருக்கிறேன். 1989இல் வாக்களிக்கும் வயதை இருபத்தொன்றிலிருந்து பதினெட்டாகக் குறைத்த புண்ணியத்தில் இருபது வயதிலேயே சாத்தூர்ப் பள்ளிக்கூடத்தில் வரிசையில் நின்றவன் நான். மை காயும் வரை விரலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தேன். பென்சிலால் போடுவது ஓட்டா என்று இருந்தது. இப்போது பழகிவிட்டது. அந்தச் சனிக்கிழமை எங்கள் பள்ளியில் சாசேஜுக்கு ரொட்டி கொடுத்தது மிஸ்டர் பார்க்தான். ஓட்டில்லாத அவர் அடுப்புக்குப் பக்கத்தில் நின்று, வந்தவர்களுக்கெல்லாம் வெங்காயம் வேண்டுமா என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

இரண்டாவது, கொரியத் தேர்தல். ராணுவச் சட்டம் போட்ட ஜனாதிபதி பதவியிழந்திருந்தார். புதியவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும். வெளிநாட்டுக் கொரியர்களுக்கு அந்த மாதக் கடைசியில் சில நாட்கள் வாக்குப்பதிவு, சிட்னி நகரத்தில் அவர்கள் தூதரக அலுவலகத்தில். மிஸ்டர் பார்க் மாவு மூட்டை தூக்கி முதுகைப் பிடித்துக்கொண்டிருந்தார். நான் காரில் கூட்டிப் போவதாகச் சொன்னேன். செல்வியும் நகரத்தில் ஏதோ வாங்க வேண்டும் என்று பின் இருக்கையில் ஏறிக்கொண்டாள்.

பேக்கரி வாசலில் அவர் காத்திருந்த கோலமே வேறு. கோட்டு, மடிப்புக் கலையாத சட்டை, நீல நிறத்தில் ஒரு டை. முதுகு வலியில் மெல்லக் குனிந்து ஏறினார். "கல்யாணத்துக்குப் போறவரு மாதிரி இருக்காருங்க" என்று செல்வி தமிழில் சொன்னாள்.

அரை மணி நேரத்தில் வெளியே வந்தார். வாக்குச்சீட்டில் குத்தும் முத்திரையைப் புறங்கையிலும் குத்திக்கொண்டு வந்திருந்தார். சின்னச் சிவப்பு வட்டம். அதைப் படமெடுத்து ஜுன்ஹோவுக்கு அனுப்பச் சொல்லி என்னிடம் கையை நீட்டினார். நான் கையைப் பிடித்துக்கொள்ள, செல்வி எடுத்தாள்.

எடுத்துவிட்டு அவளே கேட்டாள், தன் காப்பக ஆங்கிலத்தில். "இத்தனை வருஷமா இங்க இருக்கீங்க. கடை இருக்கு, வீடு இருக்கு. ஏன் சிட்டிசன்ஷிப் வாங்கல?"

"வாங்கினால் கொரியக் குடியுரிமை போய்விடும்" என்றார். "அதோடு இந்த ஓட்டும் போய்விடும்."

"அங்கிருந்து வந்த பிறகும் போட்டுக்கிட்டே இருந்தீங்களா?"

"இல்லை. முதலில் வெளிநாட்டிலிருந்து போட வழியே கிடையாது. இரண்டு தேர்தல் சும்மா இருந்தேன். ஒருநாள் சட்டம் வரும் என்று காத்திருந்தேன். வந்தது." புறங்கையைப் பார்த்துக்கொண்டார். "என் மகன் கேலி செய்கிறான். தெருக்குப்பை எடுக்க வராவிட்டால் புகார் சொல்வேன், ஆனால் கவுன்சிலுக்கு ஓட்டுப் போட முடியாது. உண்மைதான். ஆனால் இது... இதற்காக நான் கண்ணீர்ப் புகை குடித்தேன்."

செல்வி நேராகக் கார் நிறுத்திய இடத்துக்கு நடந்தாள். வாங்க வேண்டியதை மறந்துவிட்டாள் என்பது எனக்குத் தெரிந்தது. காரில் ஏறிக் கதவைச் சாத்தியதும் முன்னால் குனிந்து சொன்னாள். "ஏங்க, ரிஜிஸ்டர் கல்யாணத்துல தாலி உண்டா?"

"இல்ல. கையெழுத்து மட்டும்தான்."

"அப்ப அது கல்யாணமே இல்லையே. கையெழுத்துக்கு ஆடி என்ன, ஆவணி என்ன? பதினஞ்சாந் தேதி கையெழுத்துப் போடட்டும். ஆவணி பொறந்ததும் நல்ல நாள் பாத்துக் கோயில்ல தாலி கட்டட்டும்." பிறகு மிஸ்டர் பார்க் பக்கம் திரும்பி ஆங்கிலத்தில்: "ஆகஸ்ட் பதினைந்து, சரி. உங்களுக்குக் கல்யாணம். எங்களுக்குக் கையெழுத்து."

அவர் புரிந்துகொள்ள ஒரு நொடி ஆனது. புரிந்ததும், முதுகு வலியை மறந்து இருக்கையில் இருந்தபடியே பின்னால் திரும்பி, அவளுக்குத் தலை தாழ்த்தினார். பிறகு "ஐயோ" என்று இடுப்பைப் பிடித்துக்கொண்டார். அதைக் கொரிய மொழியிலும் ஏறக்குறைய அப்படித்தான் சொல்கிறார்கள்.

6

திருமணப் பதிவுக்கு ஒரு மாதம் முன்னதாகவே அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பது இங்குள்ள சட்டம். பதிவு செய்து வைக்கும் பெண்மணி எங்கள் எல்லோரையும் உட்கார வைத்து விவரம் கேட்டார். என் பெயர் பாலமுருகன், அப்பா பெயர் சுப்பையா. இங்கே வந்த நாளிலிருந்து எல்லா அலுவலகத்திலும் நான் மிஸ்டர் சுப்பையா. மகளோ மிஸ் பாலமுருகன். செல்வி அவள் அப்பா பெயரில் மிஸஸ் தங்கராஜ்.

"நீங்கள் பெண்ணின் தந்தையா, வளர்ப்புத் தந்தையா?" என்று அவர் பக்குவமாகக் கேட்டார்.

நான் விளக்க ஆரம்பிப்பதற்குள் மிஸ்டர் பார்க் தன் மனைவியைக் காட்டி, "இவர் மிஸஸ் கிம்" என்றார். கொரியாவில் பெண்கள் கல்யாணத்துக்குப் பிறகும் பிறந்த வீட்டுப் பெயரைத்தான் வைத்துக்கொள்கிறார்கள். நான்கு பெற்றோரில் ஒருவர் பெயரும் மற்றவரோடு சேரவில்லை. பதிவு செய்யும் அம்மாள் பேனாவைக் கீழே வைத்துவிட்டுத் தண்ணீர் குடித்தார்.

ஆகஸ்ட் பதினைந்து அன்று பரமட்டா ஆற்றங்கரைப் பூங்கா ஒன்றில் கையெழுத்து நடந்தது. காற்று உயிரை வாங்கியது. மிஸஸ் கிம் இளநீலக் கொரிய உடையில் பலூன் போலப் பறக்காமல் இருக்கச் செல்வி பிடித்துக்கொண்டாள். யோகன் ஒரு பெட்டி றோல்ஸோடு வந்திருந்தார். சாட்சிக் கையெழுத்துப் போட இரண்டு பேர் வேண்டும். நண்பர்களைக் கூப்பிடுவார்கள் என்று நினைத்தேன். பிருந்தா பேனாவை எடுத்துக்கொண்டு நேராகச் செல்வியிடம் வந்தாள்.

"நீதான் போடணும்மா" என்றாள். தமிழில்.

செல்வி தமிழில்தான் கையெழுத்துப் போட்டாள். பக்கத்தில் மிஸ்டர் பார்க் கொரிய எழுத்தில் போட்டார். செல்லுமா என்று நான் பதறினேன். செல்லும் என்றார் பதிவு செய்யும் அம்மாள்.

சாப்பிடும்போது மிஸ்டர் பார்க் ஒரு சின்னப் பேச்சுப் பேசினார், ஜுன்ஹோ மொழிபெயர்த்தான். இதே நாளை வட கொரியாவும் கொண்டாடுகிறது என்றார். நடுவில் முள்வேலி, ஆனால் நாள் ஒன்று. எங்களுக்கும் பாகிஸ்தானுக்கும் நாளில்கூட ஒரு ராத்திரி இடைவெளி என்று நான் சொன்னேன். யோகன் றோல்ஸ் தட்டை எங்கள் இருவருக்கும் நடுவே நீட்டி, "ஆறப் போகுது, முதலில சாப்பிடுங்கோ" என்றார். அவர் சொன்னதுதான் சரி.

7

ஆவணியில் கோவிலில் கல்யாணம். ஐயர் யாழ்ப்பாணத்தைச் சேர்ந்தவர். ஹோமப் புகையில் தீயணைப்பு மணி அடிக்காமல் இருக்க ஒருவர் விசிறியோடு நின்றார். ஜுன்ஹோ வேட்டியைப் பெல்ட்டால் கட்டியிருந்தான். மிஸ்டர் பார்க்கும் வேட்டிதான், மேலே அந்தக் கோட்டு.

செல்விக்கு ஒரே ஒரு பயம் மிச்சமிருந்தது. முந்தின நாளே என்னிடம் சொல்லியிருந்தாள். "ஐயர் மாப்பிள்ளையோட கோத்திரம் கேப்பாரு. அவங்களுக்கு அது தெரியாது, பாவம், சபையில சங்கடப்படுவாங்க. நீங்க முன்னாடியே ஐயர் காதுல போட்டுருங்க."

நான் மறந்துவிட்டேன்.

"மாப்பிள்ளையின்ர கோத்திரம் என்ன?" என்று ஐயர் கேட்டார். செல்வி என்னை முறைத்தாள். ஜுன்ஹோ அப்பாவைப் பார்த்து, குடும்பத்தின் பூர்வீகப் பெயர் என்கிற மாதிரி ஏதோ சொன்னான்.

மிஸ்டர் பார்க் நிமிர்ந்து உட்கார்ந்தார். "மிர்யாங் பார்க்" என்றார், பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவுக்குப் பதில் சொல்வதுபோல. கொரியர்களில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் மூலமாக ஒரு ஊர் உண்டாம், ஒரே மூலத்தைச் சேர்ந்தவர்கள் தங்களுக்குள் கல்யாணம் செய்யக்கூடாது என்று சட்டமே இருந்ததாம். அதை நீதிமன்றம் போய்த்தான் மாற்றினார்கள் என்று ஜுன்ஹோ விளக்கினான்.

"ஒரே ஆக்களுக்குள்ள செய்யக் கூடாதோ?" ஐயரின் முகம் மலர்ந்தது. "அப்ப அது கோத்திரம்தானே!" என்று சொல்லிவிட்டு, கொஞ்சமும் தயங்காமல், கணீரென்ற குரலில், மிர்யாங் கோத்திரத்தில் உதித்த ஜுன்ஹோ என்று மந்திரத்துக்குள் சேர்த்துவிட்டார். மிஸ்டர் பார்க் தன் ஊர்ப் பெயரைச் சமஸ்கிருதத்தில் கேட்டுக் கண்ணை மூடித் தலையாட்டினார்.

ஐயர் எங்கள் பக்கம் திரும்பினார். "பொம்பிளை வீட்டுக் கோத்திரம்?"

நான் செல்வியைப் பார்த்தேன். செல்வி என்னைப் பார்த்தாள். எங்கள் வீட்டில் யாரும் ஒருநாளும் அப்படி ஒன்றைச் சொன்னதில்லை, நாங்களும் கேட்டதில்லை. சபை காத்திருந்தது. யோகன் சிரிப்பை அடக்க மேல்துண்டை வாயில் வைத்துக்கொண்டார்.

மிஸ்டர் பார்க் என் பக்கம் சாய்ந்தார். அவர் குரலில் உண்மையான இரக்கம் இருந்தது.

"சாதொன்," என்றார், "உங்களுக்கு இல்லையா?"